ஆணை தாமதம், இழப்பு யாருக்கு?

ஓமலூர், ராசிபுரம், சேந்தமங்கலம் எனப் பல ஊர்களிலிருந்தும் பஸ் ஏறி இக்கல்லூரிக்கு வரும் நம்மில் பலருக்கு அரசுப் பணியே குறிக்கோள். அதற்கு என்ன படிக்க வேண்டும் என்பது எல்லோருக்கும் மனப்பாடம். ஆனால் தேர்வில் வென்ற பிறகும் நியமன ஆணை ஓராண்டு, ஈராண்டு தாமதமானால் நாம் எதை இழக்கிறோம் என்று பேசுவாரில்லை. "வேலை கிடைத்ததே, அது போதும்" என்று வீட்டுப் பெரியவர்கள் சொல்லிவிடுவார்கள். போதாது என்பதே என் கருத்து.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். 2017-ஆம் ஆண்டு ஊதிய விதிகளின்படி தமிழக அரசில் இளநிலை உதவியாளரின் தொடக்க அடிப்படை ஊதியம் 19,500 ரூபாய். ஆண்டு உயர்வு 3 சதவீதம். ஒரே வயதினர் இருவர் ஒரே தேர்வில் தேறுகிறார்கள். ஒருவர் உடனே சேர்ந்து 30 ஆண்டுகள் பணியாற்றுகிறார். மற்றவரின் கோப்பு எங்கோ தங்கிவிட, ஓராண்டு கழித்துச் சேர்கிறார். அவர் இழந்தது மாதம் 19,500 வீதம் முதலாண்டுச் சம்பளந்தானே என்று தோன்றும். அதுதான் இல்லை! அவரும் 19,500-லிருந்தே தொடங்குகிறார். ஓய்வு வயதோ இருவருக்கும் 60. ஆகவே அவர் எட்டாமலே போவது முப்பதாம் ஆண்டுச் சம்பளம். அது மாதம் ஏறத்தாழ 45,900 ரூபாய். அகவிலைப்படி, இடையில் வரும் ஊதியக் குழுக்கள் எதையும் சேர்க்காத கணக்கு இது. எங்கள் வீட்டில் சம்பளப் பட்டியலைக் கண்டவர் எவருமில்லை. அதனால்தான் நானே பென்சிலை எடுத்தேன்.

இடையில் ஒரு தேதி குறுக்கிட்டுவிட்டால் நிலைமை இன்னும் மோசம். மத்திய அரசு 2004 ஜனவரி 1 முதல் சேர்ந்தவர்களைப் புதிய ஓய்வூதியத் திட்டத்தில் வைத்தது. தமிழகத்தில் அதற்கு முன்பே, 2003 ஏப்ரல் 1 முதல் பங்களிப்பு ஓய்வூதியம் வந்தது. முன்பே விளம்பரம் செய்யப்பட்ட பணியிடத்துக்குத் தேர்வானவர்களும், சேர்ந்த நாள் அத்தேதிக்குப் பின் என்ற ஒரே காரணத்தால் பழைய ஓய்வூதியத்தை இழந்தார்கள். பல ஆண்டு வழக்குகளுக்குப் பின், 2003 டிசம்பர் 22-க்கு முன் அறிவிக்கப்பட்ட பணியிடங்களில் சேர்ந்தவர்கள் பழைய திட்டத்தைத் தேர்ந்துகொள்ளலாம் என்று மத்திய அரசு 2023 மார்ச்சில் ஆணையிட்டது. தாமதத்துக்கு ஊழியர் பொறுப்பல்லர் என்பதை ஒப்புக்கொள்ள இருபது ஆண்டுகளா?

வேலை செய்தும் கணக்கில் வராதவர்களும் உண்டு. தமிழகத்தில் 2003-க்குப் பின் நியமனம் பெற்ற இடைநிலை ஆசிரியர்கள் மாதம் 3,000 ரூபாய்த் தொகுப்பூதியத்தில் பாடம் நடத்தினார்கள். பட்டதாரி ஆசிரியர்களுக்கு 4,000. முறையான காலமுறை ஊதியம் 2006 ஜூன் 1-இல்தான் வந்தது. அதற்கு முந்தைய காலத்தையும் பணிக்காலமாகக் கருத வேண்டும் என்று அவர்கள் கேட்டுவந்தார்கள். கரும்பலகை முன் நின்ற நாளைப் பணி நாள் இல்லை என்பது எந்த நியாயமோ!

"வேலை செய்யாத நாளுக்குச் சம்பளம் கேட்பதா?" என்பார்கள். வேலை செய்ய விரும்பியவரை நிர்வாகமே வெளியில் நிறுத்தியிருந்தால் 'வேலையில்லையேல் ஊதியமில்லை' என்ற விதி பொருந்தாது என்று ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1991-இலேயே கூறியது. அது பதவி உயர்வு பற்றிய வழக்கு என்பதை மறைக்கவில்லை. நானும் உழைக்காத மாதத்துக்குப் பணம் கேட்கச் சொல்லவில்லை. அந்த ஓராண்டில் விசைத்தறியிலோ லாரிப் பட்டறையிலோ கூலிக்குப் போய்ப் பிழைத்துக்கொள்வோம். அந்த ஆண்டைக் கருத்தியலாக, அதாவது அலுவலகங்களில் 'நோஷனல்' என்கிறார்களே, அப்படிக் கணக்கில் சேர்த்தால் போதும். தாமதமாகச் சேர்ந்தவர் ஓர் ஊதிய உயர்வோடு 20,100-லிருந்து தொடங்குவார். அப்போது அவர் இழப்பது மாதம் 19,500 வீதம் ஓராண்டு மட்டுமே, 45,900 வீதமல்ல.

இன்று இதற்கும் ஒவ்வொருவரும் வக்கீல் வைத்து உயர்நீதிமன்றம் போக வேண்டியிருக்கிறது. சேலத்திலிருந்து சென்னைக்கு எத்தனை முறை ரயில் ஏற முடியும்? தேர்வர் மீது குற்றமில்லாத தாமதத்தில் ஊதிய உயர்வு, முதுநிலை, ஓய்வூதியம் ஆகியவற்றுக்கு உடன் தேர்வானவர்கள் சேர்ந்த நாளே கொள்ளப்படும் என்ற ஒரு வரியை நியமன ஆணையிலேயே அச்சிட்டுவிட்டால், அந்த வழக்குகளில் பெரும்பாலானவற்றுக்குத் தேவையே இராது.