டார்வினும் கல்லாறும்

2018 ஜனவரி 25 அன்று அறிவிக்கப்பட்ட பத்மஸ்ரீ விருதுப் பட்டியலில், திருவனந்தபுரம் மாவட்டம் பொன்முடி மலையடிவாரத்தில் உள்ள கல்லாற்றைச் சேர்ந்த லட்சுமிக்குட்டியின் பெயர் இருந்தது. காணிப் பழங்குடிப் பெண். எட்டாம் வகுப்பு வரை படித்தவர். நூற்றுக்கணக்கான மூலிகை மருந்துகளை நினைவிலிருந்தே தயாரிப்பவர். அதற்குச் சில நாள்களுக்கு முன்புதான், விருது வழங்கிய அதே அரசின் மனிதவள மேம்பாட்டுத் துறை இணையமைச்சர் சத்யபால் சிங், டார்வினின் பரிணாமக் கோட்பாடு அறிவியல்பூர்வமாகத் தவறானது, பாடத்திட்டத்தில் அதை மாற்ற வேண்டும் என்று பேசியிருந்தார். குரங்கு மனிதனாக மாறியதைக் கண்டதாக நம் முன்னோர் யாரும் சொல்லவில்லை என்பது அவர் காட்டிய சான்று. நாட்டின் மூன்று அறிவியல் கழகங்களும் கூட்டறிக்கை வெளியிட்டு மறுத்தன. துறையின் அமைச்சர் பிரகாஷ் ஜாவடேகரும் இத்தகைய பேச்சைத் தவிர்க்குமாறு அவருக்கு அறிவுறுத்தினார்.

பேச்சு அடங்கியது. ஆனால் 2022-ல் தேசியக் கல்வி ஆராய்ச்சி மற்றும் பயிற்சிக் கவுன்சில் அறிவித்த 'சீரமைப்பில்', பத்தாம் வகுப்பு அறிவியல் நூலின் 'மரபும் பரிணாமமும்' என்ற அத்தியாயம் வெறும் 'மரபு' ஆயிற்று. தனிமங்களின் ஆவர்த்தன வகைப்பாடும் அந்நூலிலிருந்து நீங்கியது. 2023 ஏப்ரலில் 1,800-க்கும் மேற்பட்ட விஞ்ஞானிகளும் ஆசிரியர்களும் பரிணாமப் பாடத்தை மீட்கக் கோரிப் பகிரங்கக் கடிதம் எழுதினர்.

கொரோனா காலப் பாடச்சுமையைக் குறைக்கவே நீக்கினோம், அப்பகுதி 12-ஆம் வகுப்பு உயிரியலில் இருக்கத்தான் செய்கிறது என்றது கவுன்சில். பள்ளிகள் முழுமையாகத் திறந்துவிட்ட பிறகு திருத்தப்பட்ட நூலுக்குக் கொரோனாவைக் காரணம் காட்டுவது பொருந்தவில்லை. 12-ஆம் வகுப்பு உயிரியலோ அதைத் தேர்ந்தெடுப்பவர்களுக்கு மட்டுமே உரியது. வணிகவியலோ வரலாறோ எடுப்பவருக்கும், பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்துபவருக்கும் பள்ளி அறிவியல் அத்துடன் முடிந்துவிடுகிறது. இணையமைச்சரின் பேச்சுக்கும் இந்த நீக்கத்துக்கும் தொடர்பில்லை என்றே வைத்துக்கொள்வோம். விளைவு அவர் விரும்பியதற்கு வெகு தொலைவில் இல்லை.

டார்வின் மேலைநாட்டுச் சரக்கு, நமக்கு நம் பாரம்பரிய அறிவு போதும் என்று வாதிடுவோர் தில்லியில் குறைவில்லை. அவர்கள் காணி மக்களின் ஆரோக்கியப்பச்சை வரலாற்றைப் படிக்க வேண்டும். 1987-ல் அகத்தியமலைக் காடுகளுக்குள் சென்ற பாலோடு வெப்பமண்டலத் தாவரவியல் பூங்காவின் ஆய்வாளர்கள் களைத்துப் போனபோது, வழிகாட்டிகளாக வந்த காணிகள் ஒரு சிறு செடியின் காய்களைத் தின்றுகொண்டு சளைக்காமல் நடந்தனர். முதலில் அச்செடியைக் காட்டித்தர மறுத்த அவர்கள், பின்னர் இசைந்தனர். ஆய்வாளர்கள் அதை அப்படியே நம்பிவிடவுமில்லை, மூடநம்பிக்கை என்று தள்ளிவிடவுமில்லை. ஆய்வுக்கூடத்தில் பல ஆண்டுகள் சோதித்த பிறகே 'ஜீவனி' என்ற மருந்து உருவாயிற்று. 1990-களில் கோவை ஆரிய வைத்திய பார்மசிக்கு உரிமம் வழங்கப்பட்டது. உரிமக் கட்டணம் 10 லட்சம் ரூபாய், விற்பனையில் 2 சதவீதம் உரிமத்தொகை. இரண்டிலும் சரிபாதி காணிகளுக்கு என்று நிறுவனம் முடிவு செய்தது. செடி சேகரிப்பதில் வனத்துறையின் தடை உள்ளிட்ட சிக்கல்கள் பின்னர் எழுந்தன என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. அவதானிப்பு, ஐயம், சோதனை, உரிமை என அனைத்தும் அடங்கிய இதைவிட நல்ல அறிவியல் பாடம் எந்த நூலில் இருக்கிறது?

அந்தச் செடியே டார்வினிடம் அழைத்துச் செல்கிறது என்பதுதான் இதில் சுவை. ஆரோக்கியப்பச்சையின் பேரினத்தில் இரண்டே சிற்றினங்கள் உண்டு. ஒன்று தென்னிந்தியா, இலங்கை, மலாய் தீபகற்பத்தில் வளர்வது. மற்றொன்று கடலுக்கு அப்பால் மடகாஸ்கரில். இந்த உறவு எப்படி வந்தது, பிரிந்த பின் இரண்டும் எப்படி மாறின என்ற கேள்விக்குப் பரிணாமம் இல்லாத பாடநூலில் இடமே கிடையாது. அங்கே மூலிகை வெறும் பெருமைப் பட்டியலாக எஞ்சும்.

தமிழ்நாட்டுப் பாடநூல் இதில் சரியான வழியைக் காட்டியது. 2019-ல் வெளியான பத்தாம் வகுப்பு அறிவியல் நூலில் 'உயிரின் தோற்றமும் பரிணாமமும்' என்ற ஒரே பாடத்தில் டார்வினும் வட்டார இனத் தாவரவியலும் இடம்பெற்றனர். கவுன்சிலும் பரிணாமத்தைப் பத்தாம் வகுப்பில் மீண்டும் சேர்க்க வேண்டும். அதுவும் அந்தந்த வட்டாரத்தின் செடி, கொடி, உயிரினங்களைக் கொண்டே கற்பிக்க ஆசிரியர் கையேடுகள் வேண்டும்.

2023-24 கல்வியாண்டில் கல்லாற்றுப் பகுதியின் அரசுப் பள்ளி மாணவர், கேரளப் பாடநூலின் வழியே பரிணாமத்தைப் படித்துத்தான் பத்தாம் வகுப்பை முடித்தார். மலையிறங்கி வந்தால், திருவனந்தபுரம் நகரின் கேந்திரிய வித்யாலயத்தில் அதே வகுப்பில் படித்தவருக்குத் தரப்பட்ட நூலில் அந்தப் பாடம் இல்லை.