வெளிச்சமே துணை

சினிமா பார்த்துவிட்டு வீடு திரும்புகிறோம். கதாநாயகியின் புடவையிலிருந்து கண்ணீர் வரை பேசித் தீர்த்துவிடுகிறோம். அந்தக் கண்ணீர் பளபளக்கும்படி முகத்தில் வெளிச்சம் விழச் செய்தாரே ஒருவர், அவரை நினைப்பதுண்டா? திரையில் அவர் பெயர் வரும்போது நாம் இருட்டில் நாற்காலியைத் தேடிக்கொண்டிருப்போம்!

அப்படி ஒருவரைப் பற்றிச் சொல்கிறேன், கேளுங்கள். ஸ்வீடன் தேசத்து ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்ட், 1922-ல் பிறந்தவர். தாய் தந்தையர் காங்கோவில் கிறிஸ்தவ மிஷனரிகள்; பிள்ளையோ ஸ்வீடனில் உறவினர் வீட்டில் வளர்ந்தான். சினிமா பார்ப்பதே பாவம் என்று நினைத்த குடும்பம். அந்தப் பிள்ளைதான் காமிராவைக் கையில் எடுத்தான்!

டைரக்டர் இங்மார் பெர்க்மனின் 'விண்டர் லைட்' 1963-ல் வந்தது. கடவுள் நம்பிக்கை ஆட்டங்கண்டுவிட்ட ஒரு கிராமத்துப் பாதிரியாரின் கதை. குளிர்கால ஞாயிற்றுக்கிழமை ஒன்றில், சில மணி நேரத்துக்குள் எல்லாம் நடந்து முடிகிறது. படம் எடுக்குமுன் இருவரும் ஒரு சர்ச்சில் போய் மணிக்கணக்காக உட்கார்ந்தார்கள். பிரார்த்தனைக்கு அல்ல, வெளிச்சம் எப்படி மாறுகிறது என்று பார்க்க! மூடிய வானத்தின் வெளிச்சத்தில் அழுத்தமான நிழலே விழுவதில்லை என்பதைக் கவனித்தார்கள். பிறகு ஸ்டூடியோவில் சர்ச் செட் போட்டபோது, நிக்விஸ்ட் விளக்கை நேரே முகத்தில் அடிக்கவில்லை. வேறொன்றில் பட்டு, மென்மையாகத் திரும்பி விழும்படி செய்தார். வருஷம் ஆக ஆக, அவர் கற்றுக்கொண்டதெல்லாம் விளக்குகளைக் குறைக்கத்தான்.

1972-ல் வந்த 'கிரைஸ் அண்ட் விஸ்பர்ஸ்' படத்தில் ஒரு பெண் மரணப் படுக்கையில் கிடக்கிறாள். அருகில் உடன்பிறந்தவர்கள் இருவர், ஒரு வேலைக்காரி. உடன்பிறந்தவர்கள் தொடத் தயங்குகிறார்கள், வேலைக்காரிதான் அணைத்துக்கொள்கிறாள். ஜன்னல் வழியே வரும் பகல் வெளிச்சத்தில் அந்த முகங்கள் எதையும் மறைக்க முடிவதில்லை. நிக்விஸ்டுக்கு ஆஸ்கார் பரிசு கிடைத்தது. 1982-ல் வந்த 'ஃபானி அண்ட் அலெக்ஸாண்டர்' மறுபடியும் அந்தப் பரிசை வாங்கித் தந்தது.

ஆனால் விதியைப் பாருங்கள்! 1998-ல் அவருக்கு வந்திருப்பது 'அஃபேஸியா' என்று டாக்டர்கள் கண்டார்கள். சொல்ல நினைக்கும் வார்த்தை நாவுக்கு வராமல் போகும் கோளாறு அது. வசனமே இல்லாமல் முகங்களைப் பேச வைத்தவருக்கு, வார்த்தைகள் ஒவ்வொன்றாக நழுவின. காமிராவை விட்டு விலகினார். 2006-ல் காலமானார்.

அவருடைய மகன் தந்தையைப் பற்றி ஒரு படம் எடுத்து 2000-ல் வெளியிட்டார். 'வெளிச்சமே எனக்குத் துணை' என்பது அதன் பெயரின் பொருள். தாயும் தந்தையும் தொலைவில் இருக்க வளர்ந்த பிள்ளைக்கு, கடைசியில் பேச்சும் கைவிட்ட மனிதருக்கு, வேறு என்ன பெயர் பொருந்தும், சொல்லுங்கள்?