நெயில் பாலிஷ் ரெண்டே நாளில் உரியுதா? பாட்டிலைத் திட்டுறதுக்கு முன்னாடி இதைப் படிங்க!

காலை 6 மணிக்கு முகூர்த்தம். முந்தின நாள் ரிசப்ஷன் முடிந்து, மண்டபத்து அறையில் அக்கா, தங்கை, சித்தி பெண்கள் எல்லோரும் வட்டமாக உட்கார்ந்து, ஒரே பாட்டிலைக் கைமாற்றி நெயில் பாலிஷ் போட்டுக்கொண்டு, அப்படியே படுத்துவிட்டால் என்ன ஆகும்? காலையில் எழுந்து பார்த்தால் போர்வையின் நெசவு நகத்தில் அச்சாகியிருக்கும். சீர்த் தட்டுகளை எடுத்து வைத்து, நாலு பாத்திரம் கழுவி முடிப்பதற்குள் ஆள்காட்டி விரல் நுனியில் ஒரு சில்லு பெயர்ந்திருக்கும். ‘சீப்பான பாட்டில், அதான்’ என்று பழி மொத்தமும் பாட்டில் மேல் விழும்.

பெரும்பாலும் தப்பு பாட்டிலில் இல்லை. ஃபேன்ஸி ஸ்டோரில் வாங்கிய குட்டி பாட்டிலையும் நாலைந்து நாள் நிற்கவைக்கலாம்; விலை அதிகமான பாட்டிலை ஒரே நாளில் உரியவைக்கவும் முடியும். எவ்வளவு மெல்லிசாகப் போடுகிறோம், ஒரு கோட்டுக்கும் அடுத்த கோட்டுக்கும் நடுவில் எவ்வளவு நேரம் கையைக் கட்டிப்போடுகிறோம் என்பதில்தான் விஷயமே இருக்கிறது.

பாலில் ஆடை படிவதுபோல

நெயில் பாலிஷில் படலமாக நிற்கும் முக்கியமான பொருள் நைட்ரோசெல்லுலோஸ். அதை எத்தில் அசிடேட், பியூட்டைல் அசிடேட் மாதிரி சீக்கிரம் ஆவியாகும் திரவங்களில் கரைத்து, கலரும் இன்னும் சில பொருள்களும் சேர்த்து பாட்டிலில் அடைக்கிறார்கள். மூடியைத் திறந்ததும் மூக்கில் ஏறுகிற வாசனை இந்தத் திரவங்களுடையதுதான். 1920-களில் கார்களுக்கு அடித்த பெயின்ட்டும் இதே நைட்ரோசெல்லுலோஸ் குடும்பம்தான். ஆக, நாம் நகத்துக்கு அடிப்பது கிட்டத்தட்ட கார் பெயின்ட்!

நெயில் பாலிஷ் ‘காய்கிறது’ என்றால், அந்தத் திரவம் ஆவியாகி வெளியேறுகிறது என்று அர்த்தம். ஒரே கோட்டில் வேலையை முடிக்கலாம் என்று தடிமனாகப் போட்டால், மேல்பரப்பு முதலில் இறுகிவிடும். காய்ச்சிய பாலில் ஆடை படிவதுபோல. அடியில் இருக்கும் திரவம் வெளியே வர முடியாமல் மாட்டிக்கொள்ளும். தொட்டால் காய்ந்த மாதிரி இருக்கும், அழுத்தினால் பள்ளம் விழும். போர்வைத் தடம் வருவதும், சின்னச் சின்னக் குமிழ் வருவதும் பெரும்பாலும் இதனால்தான். அதே அளவு பாலிஷை இரண்டு மெல்லிய கோட்டாகப் பிரித்துப் போட்டால், ஒவ்வொன்றிலிருந்தும் திரவம் சுலபமாகப் போய்விடும்.

ஃபேனை ஐந்தில் வைத்துவிட்டு அதற்கு நேர் கீழே கையை நீட்டுபவர்களும் உண்டு. அவசரப்பட்டு மேல்பரப்பை மட்டும் இறுக்குவதில் லாபம் இல்லை. சாதாரணக் காற்றோட்டம் போதும். ஐஸ் தண்ணீரில் விரலை முக்கும் வீடியோக்களும் நிறைய சுற்றுகின்றன. மேலே கொஞ்சம் கெட்டியான மாதிரி இருக்கும், அவ்வளவுதான். உள்ளே இருக்கும் திரவம் உள்ளேயேதான் இருக்கும்.

கையைக் கழுவிவிட்டு உடனே உட்காராதீர்கள்

பார்லரில் வெதுவெதுப்பான தண்ணீரில் கையை ஊறவைப்பதைப் பார்த்து, வீட்டிலும் அப்படியே செய்துவிட்டு உடனே பாலிஷ் போடுகிறோம். நகம் தண்ணீரை உறிஞ்சும். உறிஞ்சும்போது லேசாக விரியும், காயும்போது பழையபடி சுருங்கும். விரிந்திருக்கும் நகத்தின் மேல் பாலிஷ் போட்டால், நகம் சுருங்கும்போது மேலே இருக்கும் படலத்தால் கூடவே சுருங்க முடியாது. பிடி விட்டுப்போகும். அதனால் ஊறவைப்பது, குளிப்பது, பாத்திரம் கழுவுவது எல்லாவற்றையும் முடித்து ஒன்றிரண்டு மணி நேரம் கழித்துப் போடுவதுதான் நல்லது. ராத்திரி சமையலறையை ஒழித்துவிட்டு, கொஞ்ச நேரம் சீரியல் பார்த்துவிட்டு உட்கார்ந்தால் சரியாக இருக்கும்.

அடுத்தது எண்ணெய். காலையில் தலைக்கு எண்ணெய் வைத்த கை, சப்பாத்தி மாவு பிசைந்த கை, ஹேண்ட் க்ரீம் தடவிய கை... கண்ணுக்குத் தெரியாவிட்டாலும் நகத்தில் எண்ணெய்ப் பசை இருக்கும். அதன்மேல் எந்த பாலிஷும் ஒட்டாது. பழைய பாலிஷ் இல்லாவிட்டாலும்கூட, ரிமூவர் தொட்ட பஞ்சால் ஒவ்வொரு நகத்தையும் ஒருமுறை துடைத்துவிடுங்கள். இந்தக் கட்டுரையில் ஒன்றே ஒன்றை மட்டும்தான் கடைப்பிடிப்பேன் என்றால், இதைச் செய்யுங்கள்.

நகத்தை ஒரே திசையில் ராவுங்கள். ரம்பம் மாதிரி முன்னும் பின்னும் இழுத்தால் நுனி அடுக்கு அடுக்காகப் பிரியும். நகத்தின் அடியில் ஒட்டியிருக்கும் மெல்லிய தோலை வெட்டவே வேண்டாம். கிருமி உள்ளே போகாமல் தடுப்பதே அதுதான். வெட்டி வைத்தால் பிறகு நகச்சுத்து வந்து, எலுமிச்சம்பழத்தை விரலில் செருகிக்கொண்டு உட்கார வேண்டியதுதான்.

முதல் கோட் அசிங்கமாகத்தான் இருக்கும்

முதலில் பேஸ் கோட். ‘கலரே இல்லாத பாட்டிலுக்கு எதுக்கு தண்டச் செலவு’ என்று அம்மாக்கள் கேட்பார்கள். இதற்கு இரண்டு வேலைகள். நகத்தையும் கலரையும் ஒட்டவைப்பது ஒன்று. அடர் சிவப்பு, மெரூன் போன்ற கலர்கள் நகத்தில் இறங்கி மஞ்சளாக்காமல் தடுப்பது இன்னொன்று. பேஸ், டாப் இரண்டுக்கும் ஒரே பாட்டில் என்று போட்டே விற்கிறார்கள். அது ஒன்று இருந்தாலும் போதும்.

கலர் பாட்டிலைக் குலுக்காதீர்கள், காற்று உள்ளே போய்க் குமிழ் வரும். இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் வைத்து உருட்டினாலே கலந்துவிடும். பிரஷ்ஷை எடுக்கும்போது ஒரு பக்கத்தைப் பாட்டில் வாயில் வழித்துவிட்டு, மறு பக்கத்தில் இருக்கும் சொட்டை மட்டும் பயன்படுத்துங்கள். நடுவில் ஒரு இழுப்பு, இரண்டு ஓரங்களிலும் ஒவ்வொன்று. மூன்றே இழுப்பில் ஒரு நகம் முடிந்துவிட வேண்டும்.

நகமும் சதையும் போல என்று சொல்வோம் இல்லையா? நெயில் பாலிஷ் விஷயத்தில் மட்டும் இரண்டையும் பிரித்தே வைக்க வேண்டும். தோலில் பட்ட பாலிஷ்தான் முதலில் தூக்கிக்கொள்ளும், அந்த இடைவெளி வழியாகத் தண்ணீர் இறங்கி மற்றதையும் கிளப்பும். அதனால் சதையை ஒட்டி நூல் அளவு இடம் விட்டே போடுங்கள். மீறிப் பட்டுவிட்டால், ரிமூவரில் நனைத்த பட்ஸால் ஈரமாக இருக்கும்போதே துடைத்துவிடலாம்.

முதல் கோட் திட்டுத்திட்டாக, கோடு கோடாகத்தான் வரும். இந்த இடத்தில்தான் பலருக்கும் கை துறுதுறுக்கிறது. ‘இங்கே கொஞ்சம் விட்டுப்போச்சே’ என்று பாதி காய்ந்ததன்மேல் மறுபடி பிரஷ்ஷை வைத்தால், அடியில் இருப்பதையும் சேர்த்து இழுத்துக்கொண்டு வந்துவிடும். நகம் மேடுபள்ளமாவது அப்படித்தான். விட்டுவிடுங்கள். மூன்று முதல் ஐந்து நிமிடம் கழித்து இரண்டாவது கோட் போட்டால் அந்தத் திட்டெல்லாம் மறைந்துவிடும். வெள்ளை, இளம் ரோஸ், மில்க்கி கலர்களுக்கு மூன்றாவது கோட் தேவைப்படலாம். இரண்டு தடித்த கோட்டைவிட மூன்று மெல்லிய கோட் எவ்வளவோ மேல்.

பலர் விட்டுவிடும் இடம், நகத்தின் நுனி விளிம்பு. அட்டைப்பெட்டியின் டேப்பைக் கிழிப்பது, மசாலா பாக்கெட்டைப் பிரிப்பது, டிபன் பாக்ஸ் மூடியை நெம்புவது, போனில் டைப் செய்வது என எல்லா அடியும் வாங்குவது அந்த விளிம்புதான். சில்லு பெயர்வது அங்கிருந்துதான் ஆரம்பிக்கும். கலர் போடும்போது ஒருமுறை, டாப் கோட் போடும்போது ஒருமுறை, விளிம்பின் மேலேயும் பிரஷ்ஷை ஓட்டுங்கள். ஐந்து விநாடி வேலை.

கடைசியாக டாப் கோட். பிரஷ்ஷை அழுத்தாமல் மிதக்கவிட்டுப் போட வேண்டும். இரண்டு நாள் கழித்து மறுபடி ஒரு மெல்லிய டாப் கோட் போட்டால் மங்கிய பளபளப்பு திரும்பும், விளிம்பும் பலப்படும்.

‘எல்லாம் சரி, இடது கையால வலது கைக்கு எப்படிப் போடறது?’ வலது கைக்காரர்கள், விரல்கள் ஈரமில்லாமல் ஃப்ரீயாக இருக்கும்போதே, கஷ்டமான வலது கையை முதலில் முடித்துவிடுங்கள். இரண்டு முழங்கைகளையும் மேஜையில் ஊன்றிக்கொண்டு, பிரஷ்ஷை அசைப்பதற்குப் பதில் விரலை லேசாகத் திருப்பிக் கொடுங்கள். நடுக்கம் பாதியாகக் குறையும். அதைவிடச் சுலபமான வழி, தங்கச்சியை அழைத்துப் போடச் சொல்வது. பதிலுக்கு அவளுக்கும் போட்டுவிட வேண்டும், அது வேறு.

எல்லாம் சேர்த்து முக்கால் மணி நேரம் ஆகும். அதன்பிறகு இரண்டு மணி நேரத்துக்காவது வெந்நீர், பாத்திரம், போர்வை எதுவும் வேண்டாம். மேலே காய்ந்த மாதிரி இருந்தாலும் உள்ளே முழுதாக இறுகப் பல மணி நேரம் பிடிக்கும். அந்த மண்டபத்துக் கூட்டத்துக்கும் இதே கணக்குதான். ரிசப்ஷன் முடிந்து நள்ளிரவில் வேண்டாம். அன்று காலையோ, முந்தின நாளோ வீட்டிலேயே போட்டுக்கொண்டு கிளம்புங்கள். டாப் கோட் பாட்டிலை மட்டும் ஹேண்ட்பேகில் போட்டுக்கொண்டால் போதும்.

சாம்பார் சாதமும் மருதாணியும்

வெளிநாட்டு வீடியோக்களில் வராத ஒரு பிரச்னை நமக்கு உண்டு. நாம் கையால் சாப்பிடுகிறோம். இளம் கலர்களும் டாப் கோட்டும் சாம்பார், குழம்பில் இருக்கும் மஞ்சளைப் பிடித்துக்கொள்ளும். வலது கை மட்டும் பழுப்பேறித் தெரிவது அதனால்தான். சாப்பிட்ட உடனே சோப்பு போட்டுக் கழுவினால் கொஞ்சம் குறையும். மஞ்சளின் நிறம் வெயிலில் வெளுக்கும் என்பதால் நாளடைவில் மங்கவும் செய்யும். ஆனாலும் கல்யாணப் பந்தி இருக்கிற வாரத்தில் சிவப்பு, மெரூன், ராமர் பச்சை மாதிரி அடர்த்தியான கலர்களே என் சிபாரிசு.

பாத்திரம் கழுவும்போதும், துணி துவைக்கும்போதும் ரப்பர் கையுறை போட்டால் ஆயுள் கூடும். ஒவ்வொரு முறை ஊறிக் காயும்போதும் நகம் விரிந்து சுருங்கும் அந்தக் கதைதான் நடக்கிறது. கையுறை போட்டு வேலை செய்ய வராது என்பவர்கள், பாத்திரம் அனைத்தையும் சேர்த்து ஒரே தடவையில் முடிக்கப் பாருங்கள்.

மருதாணியா, நெயில் பாலிஷா, எது முதலில்? மருதாணி நகத்துக்குள்ளேயே ஏறும் சாயம். ரிமூவர் போட்டாலும் போகாது, நகம் வளர்ந்து வெட்டினால்தான் போகும். கை விரல் நகம் மாதத்துக்கு சுமார் 3 மில்லிமீட்டர்தான் வளரும், ஒரு நகம் முழுதாக மாற ஆறு மாதம்வரை ஆகும். விரல் நுனியில் தொப்பி மாதிரி மருதாணி வைத்துக்கொள்ளப் பிரியப்படுபவர்கள் தாராளமாக வைத்துக்கொண்டு, அது நன்றாகப் பிடித்தபின் மேலே பாலிஷ் போடலாம். இளம் கலர் போட்டால் அடியிலிருந்து ஆரஞ்சு எட்டிப்பார்க்கும். நகத்தில் மருதாணி ஏறவே கூடாது என்பவர்கள், முதலில் கலரில்லாத பாலிஷ் ஒரு கோட் போட்டுக் காயவிட்டு, அப்புறம் கோன் போட்டுக்கொள்ளலாம்.

எடுக்கும்போது சுரண்டாதீர்கள்

பல பள்ளிகளில் நெயில் பாலிஷுக்கு அனுமதி கிடையாது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் போட்டு, ஞாயிறு ராத்திரி பிளேடால் சுரண்டி எடுக்கும் பிள்ளைகள் நிறைய. சுரண்டும்போது பாலிஷோடு நகத்தின் மேல் அடுக்கும் சேர்ந்து வருகிறது. நகம் வெள்ளைத் திட்டாக, சொரசொரப்பாக ஆவது அதனால்தான். ரிமூவர் நனைத்த பஞ்சை நகத்தின் மேல் பத்துப் பதினைந்து விநாடி அழுத்தி வைத்திருந்து, நுனியை நோக்கி ஒரே இழுப்பாகத் துடைத்தால் போதும். பிறகு கையைக் கழுவிக் கொஞ்சம் தேங்காய் எண்ணெய். ரிமூவரும் பாலிஷும் எளிதில் தீப்பிடிப்பவை. கேஸ் அடுப்பு, சாமி விளக்கு பக்கத்தில் உட்கார்ந்து எடுக்கவே கூடாது. ஜன்னலைத் திறந்து வையுங்கள்.

ஒரு தடவை எடுத்தால், உடனே அடுத்த கலரைப் போடாமல் நாலு நாள் நகத்தைச் சும்மா விடச் சொல்வேன். நகம் மூச்சுவிடுவதற்காக இல்லை, நகம் மூச்சு விடாது. நாம் அதைப் பார்ப்பதற்காக. ரத்தசோகை இருந்தால் நகத்தின் அடிப்பகுதி வெளிறித் தெரியலாம். ஒரே ஒரு நகத்தில் புதிதாகக் கறுப்புக் கோடு வந்து அகலமாகிக்கொண்டே போனால் தோல் மருத்துவரிடம் காட்ட வேண்டும். வருஷம் முழுக்க மெரூன் போட்டிருந்தால் இதெல்லாம் கண்ணில் படாது. ஆபரேஷனுக்கு முன்பு பாலிஷை எடுக்கச் சொல்வதும் இதனால்தான். கொரோனா சமயத்தில் வாங்கி வைத்த பல்ஸ் ஆக்ஸிமீட்டர்கூட அடர்த்தியான பாலிஷ் போட்ட விரலில் தப்பாகக் காட்டக்கூடும். வீட்டில் வயதானவர்களுக்கு ஆசையாகப் போட்டுவிடும்போது, ஒரு விரலையாவது பாலிஷ் இல்லாமல் விட்டுவையுங்கள்.

ஜெல் பாலிஷ் இதே வரிசையில் வராது. அது ஆவியாகிக் காய்வதில்லை, விளக்கின் யு.வி ஒளியில் இறுகுவது. சரியாக இறுகாத ஜெல் அடிக்கடி தோலில் பட்டால் அலர்ஜி வரலாம். சில ஜெல்களில் சேர்க்கும் டி.பி.ஓ என்ற பொருளை ஐரோப்பிய ஒன்றியம் 2025 செப்டம்பர் 1 முதல் அழகுசாதனங்களில் தடை செய்திருக்கிறது. ஆன்லைனில் விளக்கோடு சேர்த்து வரும் கிட்டை வாங்கும் முன் அட்டையைப் படித்துவிடுங்கள்.

பாட்டில் கெட்டியாகிவிட்டால் ரிமூவர் ஊற்றி இளக்காதீர்கள், பாலிஷின் தன்மையே கெட்டுவிடும். நெயில் பாலிஷ் தின்னர் என்றே தனியாகக் கிடைக்கிறது, இரண்டு மூன்று சொட்டு போதும். மூடுவதற்கு முன் பாட்டிலின் கழுத்தை ரிமூவர் பஞ்சால் ஒருமுறை துடைத்துவிட்டால், அடுத்த விசேஷத்துக்கு அதைத் திறக்க வீட்டில் பல்லை உபயோகிக்க வேண்டியிருக்காது.