நேர்முகத் தேர்வு: தீர்ப்பு உண்டு, வேலை இல்லை

கேரளத்தில் மாவட்ட நீதிபதி பதவிகளுக்கு 2015-இல் அறிவிக்கை வந்தது. எழுத்துத் தேர்வு மதிப்பெண்ணையும் நேர்முக மதிப்பெண்ணையும் கூட்டித்தான் பட்டியல். நேர்முகத்துக்கென்று தனி கட்-ஆஃப் கிடையாது என்றார்கள். எல்லாருடைய நேர்முகமும் முடிந்த பிறகு, 2017 பிப்ரவரியில், அதில் 50 சதவீதம் எடுக்காதவர்களுக்கு இடமில்லை என்று உயர் நீதிமன்றத்தின் நிர்வாகக் குழு முடிவெடுத்தது. கூட்டு மதிப்பெண்ணில் முன்னால் நின்ற சிலர் வெளியே போனார்கள். நியாயம் கேட்டு ஊரே போகும் வாசலில் நடந்தது இது.

2023 ஜூலையில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, அந்த முடிவு தன்னிச்சையானது, சமத்துவ உரிமைக்கு விரோதமானது என்று சொன்னது. ஆனால் அதற்குள் ஆறு ஆண்டுகள் ஓடிவிட்டன. பதவியில் அமர்ந்தவர்களை இறக்குவது பொதுநலனுக்கு ஆகாது என்றும் சொன்னது. வழக்கில் ஜெயித்தவர்களுக்கு வேலை கிடைக்கவில்லை.

இது புதுக்கதை அல்ல. ஸ்ரீநகர் மண்டலப் பொறியியல் கல்லூரி மாணவர் சேர்க்கையில் எழுத்துத் தேர்வுக்கு 100, நேர்முகத்துக்கு 50 மதிப்பெண் வைத்திருந்தார்கள். ஒருவருக்கு இரண்டு, மூன்று நிமிடம். கேட்டதோ அப்பா யார், வீடு எங்கே என்பதைப் போன்ற கேள்விகள். 1980-இல் அஜய் ஹாசியா வழக்கில் நீதிபதி பகவதி எழுதிய தீர்ப்பு, நேர்முகத்துக்கு 15 சதவீதத்துக்கு மேல் தருவது தவறு என்றது. நடந்த சேர்க்கையில் கை வைக்கவில்லை. 1985-இல் ஹரியாணா தேர்வாணைய வழக்கு. எழுத்துக்கு 700, நேர்முகத்துக்கு 200. அறிவித்த 61 இடங்களுக்கு நேர்முகத்துக்கு அழைத்தது 1,300-க்கும் மேற்பட்டோரை! இது அதிகம், இனி 12.2 சதவீதத்தைத் தாண்டாதீர்கள் என்ற உச்ச நீதிமன்றம், உயர் நீதிமன்றம் ரத்து செய்திருந்த அதே தேர்வை உயிர்ப்பித்தது.

சதவீதத்தைக் குறைத்தால் சிக்கல் தீர்ந்துவிடும் என்ற நினைப்பே தவறு. நம் குரூப் 1 தேர்வில் எழுத்துக்கு 750, நேர்முகத்துக்கு 100. பார்க்கச் சின்னதாகத்தான் தெரியும். ஆனால் கடைசிக் கட்டத்துக்கு வருபவர்களின் எழுத்து மதிப்பெண்கள் ஒன்றையொன்று ஒட்டியே இருக்கும். எழுத்தில் 20 மதிப்பெண் முந்தியவர் அறைக்குள் 45 வாங்கி, பிந்தியவர் 70 வாங்கினால் வரிசை தலைகீழ். மாதக்கணக்கில் நூலகத்தில் உட்கார்ந்து எடுத்த முன்னிலை அரைமணிக்குள் போய்விடும். 'அந்த போர்டு தாராளம், இந்த போர்டு கஞ்சம்' என்று தேர்வர்கள் பேசிக்கொள்வது சும்மா இல்லை.

அந்த 25 மதிப்பெண் வித்தியாசம் ஏன் என்று கேட்டால் பதில் சொல்ல எந்தத் தாளும் இல்லை. தேர்வுக் குழுவின் மதிப்பீட்டுக்கு மேல் மேல்முறையீட்டு மன்றம் போல உட்கார மாட்டோம் என்கின்றன நீதிமன்றங்கள். முறையே தவறு என்று வாதாடினாலும், நேர்முகத்துக்குப் போய் உட்கார்ந்துவிட்டு, கிடைக்கவில்லை என்றதும் குறை சொல்லக்கூடாது என்று 1995-இல் மதன்லால் வழக்கில் சொன்னார்கள். போகாமலே வழக்குப் போட்டால், உனக்கு என்ன பாதிப்பு என்பார்கள். 2019-இல் மீதா சஹாய் வழக்கில்தான், சட்டவிரோதமான நடைமுறையை எதிர்க்கக் கலந்துகொண்டதே தடையாகாது என்று இந்தக் கதவு கொஞ்சம் திறந்தது.

நேர்முகமே வேண்டாம் என்பதல்ல நம் கட்சி. நீதிபதியாகவோ, ஒரு மாவட்டத்தை நிர்வகிக்கும் அதிகாரியாகவோ வரப்போகிறவரை நேரில் பார்த்துப் பேச வேண்டும் என்பதில் நியாயம் உண்டு. 1981-இல் நீதிபதி சின்னப்ப ரெட்டியும் முதிர்ந்தவர்களைத் தேர்ந்தெடுக்கும்போது நேர்முகத்துக்குக் கூடுதல் எடை தரலாம் என்றார். ஆனால் ரேஷன் கடையில் அரிசி நிறுக்க வருபவரின் ஆளுமையில் எதைத் தேடுகிறோம்? குரூப் சி, அரசிதழ் பதிவு பெறாத குரூப் பி பணிகளுக்கு மத்திய அரசு 2016 ஜனவரியிலேயே நேர்முகத்தைக் கைவிட்டது. தெலங்கானா 2022-இல் குரூப் 1-க்குக்கூட எடுத்துவிட்டது. நம் டிஎன்பிஎஸ்சியும் குரூப் 2-இல் விட்டுவிட்டது. கூட்டுறவு ரேஷன் கடை விற்பனையாளர் வேலைக்கோ எழுத்துத் தேர்வே இல்லாமல் நேர்முகம் வைத்து ஆள் எடுத்தோம். சிபாரிசுக் கடிதமும் கவரும் எந்த வழியாக நுழையும் என்பது ஊரில் எல்லாருக்கும் தெரியும். இந்த மட்டத்துப் பணிகள் அனைத்திலும் நேர்முகத்தை அரசாணை போட்டு நீக்க வேண்டும்.

குரூப் 1 போன்றவற்றில் அது நீடிக்கட்டும், பதிவோடு நீடிக்கட்டும். நேர்முகத்தை டேப்பில் பதியலாம் என்று அஜய் ஹாசியா தீர்ப்பிலேயே யோசனை இருக்கிறது. டேப் ரெக்கார்டரே வழக்கொழிந்துவிட்டது. யோசனை ஏட்டிலேயே கிடக்கிறது. ஒவ்வொரு உறுப்பினரும் தனித்தனியே மதிப்பெண் போட்டுக் கையெழுத்திட வேண்டும். தேர்வரின் எழுத்து மதிப்பெண் குழுவின் கண்ணில் படக்கூடாது.

நீதிமன்றங்களுக்கும் ஒரு வேலை இருக்கிறது. முகாந்திரம் உள்ள வழக்கு என்று பட்டால், மனுதாரர்களின் எண்ணிக்கைக்கு ஏற்ற இடங்களைக் காலியாக வைத்துவிட்டு மற்ற நியமனங்களைத் தொடர முதல் நாளே உத்தரவிடலாம். பிறகு தீர்ப்பு ஆறு ஆண்டு கழித்து வந்தாலும், யாரையும் இறக்காமல் ஜெயித்தவரை அமர்த்த ஒரு நாற்காலி இருக்கும்.