அரைப்படி நெல்லும் அரைமணி நேர நிகழ்ச்சியும்

பழைய படங்களைத் திரும்பிப் பார்க்கும் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளுக்குத் தஞ்சாவூர் என்றாலே 'தில்லானா மோகனாம்பாள்'தான். சிவாஜியின் நடிப்பு, பத்மினியின் ஆட்டம், எம்.பி.என். சகோதரர்களின் நாயனம், படப்பிடிப்பில் நடந்த சுவையான சம்பவங்கள். நல்ல படம்தான், ரசிப்பதில் தவறில்லை. அது திரைக்கு வந்தது 1968 ஜூலையில். அதே ஆண்டு டிசம்பர் 25 இரவு, அதே தஞ்சை மாவட்டத்துக் கீழ்வெண்மணியில் ஒரு குடிசைக்குள் அடைபட்ட 44 தலித் உயிர்கள் எரிக்கப்பட்டன. பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். அரைப்படி நெல் கூடுதல் கூலி கேட்டதும், ஏற்றிய செங்கொடியை இறக்க மறுத்ததும்தான் அவர்கள் செய்த குற்றம்.

இதைத் தொட்ட படம் ஒன்று தமிழில் உண்டு. இந்திரா பார்த்தசாரதியின் 'குருதிப்புனல்' நாவலைத் தழுவி ஸ்ரீதர்ராஜன் இயக்கிய 'கண் சிவந்தால் மண் சிவக்கும்', 1983. அறிமுக இயக்குநருக்கான தேசிய விருது பெற்றது. (கமல் நடித்த 'குருதிப்புனல்' வேறு, அதற்கும் இந்த நாவலுக்கும் தலைப்பைத் தவிர உறவில்லை.)

இந்தப் படத்தை எடுத்துப் பேசுங்கள் என்கிறோம். புகழ வேண்டாம், விசாரியுங்கள். சாகித்திய அகாதமி விருது வாங்கிய அந்த நாவல், பண்ணையாரின் கொடூரத்துக்கு அவருடைய ஆண்மைக் குறைபாட்டைக் காரணமாக்கியது. இடதுசாரிகள் அன்றே அதைக் கண்டித்தார்கள். கூலியும் கொடியும் சாதியும் பின்னுக்குப் போய், ஒரு தனிமனிதனின் மனக்கோளாறு முன்னே வந்துவிட்டது. உயர்நீதிமன்றம் செய்ததும் ஏறக்குறைய இதுதான். நெல் உற்பத்தியாளர் சங்கத் தலைவர் கோபாலகிருஷ்ண நாயுடுவுக்குக் கீழ்நீதிமன்றம் தந்த தண்டனையை 1973இல் ரத்து செய்தபோது, கார் வைத்திருக்கும் பெரிய மிராசுதார்கள் தாங்களே நடந்துபோய்த் தீ வைத்திருப்பார்கள் என்பதை நம்ப முடியவில்லை என்றது. நாவலுக்குக் கொலைகாரன் நோயாளி. நீதிமன்றத்துக்கு அவன் கனவான். நிலமும் சாதியும் சேர்ந்து கொடுத்த துணிச்சல் இரண்டிலுமே காணாமல் போனது.

படம் இதில் எதை வைத்துக்கொண்டது, எதை விட்டது? வெளியிலிருந்து வரும் படித்தவர் கண்ணால்தான் சேரி தெரிகிறதா, சேரிக்காரருக்குச் சொந்தக் குரல் உண்டா? விமர்சன நிகழ்ச்சி என்று பெயர் வைத்தவர்கள் கேட்க வேண்டிய கேள்விகள் இவை. 'அசுர'னில் குடிசைகள் எரிந்தபோது வெண்மணியை நினைத்துக்கொண்ட இளைஞர்களுக்கு இந்தப் படத்தின் பெயராவது தெரிய வேண்டாமா?

ஆண்டுதோறும் டிசம்பர் 25இல் வெண்மணி நினைவிடத்தில் மக்கள் கூடுகிறார்கள். அன்றைக்குச் சேனல்களில் காலை முதல் இரவு வரை சிறப்புத் திரைப்படங்கள். அதில் ஒரு அரைமணி நேரம் கேட்கிறோம்.