கேமரா தொடாத படம்



'படம் எடுக்க ஆசை, கேமராவுக்குத்தான் வழியில்லை' என்று எழுதும் இளைஞர்கள் நம் வாசகர்களில் பலர். இந்த மாதம் அவர்களுக்கு, கேமரா இல்லாமலே படம் எடுத்த லென் லையை அறிமுகப்படுத்த விரும்புகிறேன்.

1901-ல் நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச்சில் பிறந்தவர். மூன்று வயதில் அப்பாவை இழந்தார். அந்த நாட்களில் முற்றத்தில் கிடந்த மண்ணெண்ணெய்த் தகரத்தை எட்டி உதைத்தபோது பளீரென்று தெறித்த வெளிச்சம், முதுமை வரை அவர் நினைவில் இருந்தது. இளைஞனானதும் மேகங்களைப் பார்த்து ஒரு யோசனை வந்தது: ஒலிகளைக் கோத்து இசை அமைப்பதுபோல அசைவுகளையும் கோக்கலாமே! அவருடைய வாழ்க்கையே அந்த யோசனைதான்.

1926-ல் நீராவிக் கப்பலில் கரி அள்ளும் வேலை செய்தபடி லண்டன் போய்ச் சேர்ந்தார். இரண்டு வருடம் ஒவ்வொரு படமாக வரைந்து, 1929-ல் 'துசலாவா' என்ற படத்தை முடித்தார். அடுத்த படத்துக்குப் பணமில்லை. அப்போதுதான் கேமராவை ஒதுக்கிவிட்டு, பிலிம் சுருளிலேயே நேரடியாக வண்ணம் தீட்டத் தொடங்கினார். பிரிட்டிஷ் அஞ்சல் துறையின் படப்பிரிவை நடத்திய ஜான் கிரியர்சன் அதற்குக் கைகொடுத்தார். 1935-ல் வந்த 'எ கலர் பாக்ஸ்' கியூப இசைக்கு ஆடும் வண்ணங்களின் கூத்து. கடைசியில் பார்சல் கட்டணம் குறைந்திருக்கிறது என்ற விளம்பரம்! ஓர் அரசுத் துறை இப்படியொரு கலைஞனை நம்பியதை நினைத்தால் இன்றும் எனக்கு வியப்பு அடங்கவில்லை.

ஆனால் என் மனதில் நிற்பது 1958-ல் அவர் நியூயார்க்கில் முடித்த 'ஃப்ரீ ராடிகல்ஸ்'. வண்ணம்கூட இல்லை. கறுப்புப் பிலிமை ஊசியாலும், பல் மருத்துவர் கருவிகளாலும், பழைய அம்பு முனையாலும் கீறினார். ஆப்பிரிக்க முரசுக்கு அந்த வெள்ளைக் கீறல்கள் துள்ளுகின்றன, சுழல்கின்றன, நடுங்குகின்றன. எத்தனை பொறுமை வேண்டியிருந்திருக்கும்! பிரஸ்ஸல்ஸ் உலகக் கண்காட்சியின் பரிசோதனைப் படப் போட்டியில் அதற்கு இரண்டாம் பரிசு கிடைத்தது. ஆனாலும் அடுத்த படத்துக்குப் பணம் தர யாரும் வரவில்லை. படத்துறைக்கு எதிராக 'வேலைநிறுத்தம்' அறிவித்துவிட்டு, அசையும் எஃகுச் சிற்பங்கள் பக்கம் திரும்பிவிட்டார்.

அவற்றில் பல, அன்று செய்து பார்க்க முடியாத அளவில் மனதில் கண்டவை. 1980-ல் அவர் மறைந்த பிறகு, நியூ பிளிமத் நகரில் அவருடைய படைப்புகளைக் காக்கும் அறக்கட்டளை அவற்றை உருவாக்கி வருகிறது. அந்த ஊர்க் கடற்கரையில் 45 மீட்டர் உயரத்தில், காற்றுக்கு வளைந்தாடும் அவருடைய 'விண்ட் வாண்ட்' நிற்கிறது.

'ஃப்ரீ ராடிகல்ஸ்' நான்கே நிமிடம்தான். வாய்ப்புக் கிடைத்தால் இருட்டறையில், முரசொலியைக் கொஞ்சம் கூட்டிவைத்துப் பாருங்கள். பார்த்துவிட்டு உங்கள் கைக்கு என்ன செய்யத் தோன்றியது என்று எங்களுக்கு எழுதுங்கள்.

அன்புடன்,
ஆசிரியர்