தொப்பி வடிவில் ஒரு மைதானம்

2022 டிசம்பர் 18ஆம் திகதி இரவு. வாவிக்கரையில் கட்டியிருந்த வெள்ளைத் திரைக்கு முன்னால் ஊரே கூடியிருந்தது. மாரி மழை விட்டுவிட்டுத் தூறிக்கொண்டிருந்தது. ஆட்டம் முடிந்து, கட்டார் அமீர் மெஸ்ஸியின் தோளில் கறுப்பு பிஷ்த்தைப் போர்த்தியபோது எழுந்த தக்பீர் முழக்கம் படுவான்கரைக்கும் கேட்டிருக்கும். ஆர்ஜன்டினா வென்றதற்கா, பிரான்ஸ் தோற்றதற்கா, அந்தப் பிஷ்த்துக்கா என்று என்னால் பிரித்துச் சொல்ல முடியவில்லை. நானும் அந்தக் கூட்டத்தில்தான் நின்றேன். இல்லை என்று சொன்னால் பொய்.

அதற்குப் பிறகு நமது கவிஞர்கள் விடவில்லை. அல்பைத் மைதானம் பதவிகளின் கூடாரம் போல இருக்கிறதாம். அல்துமாமா மைதானம் அறபு ஆண்கள் அணியும் தொப்பி போல இருக்கிறதாம். ஆரம்ப விழாவில் கானிம் அல்முஃப்தாஹ் என்ற இளைஞர் அல்ஹுஜுராத் அத்தியாயத்தின் வசனத்தை ஓதியதைப் பற்றி எத்தனை கவிதைகள், எத்தனை முகப்புக் கட்டுரைகள்! மனிதர்களைச் சமூகங்களாகவும் கோத்திரங்களாகவும் ஆக்கியது ஒருவரையொருவர் அறிந்துகொள்ளத்தான் என்று சொல்லும் வசனம் அது. என்னுடைய கேள்வி மிகச் சின்னது. அந்தத் தொப்பியைத் தைத்தவன் யார் என்று அறிந்துகொண்டீர்களா?

அவன் தூரத்து ஆளில்லை. காத்தான்குடியிலும் ஏறாவூரிலும் ஓட்டமாவடியிலும் ஒரு தெருவுக்குள் நுழைந்தால், கட்டாருக்குப் போய் வந்த ஒரு வாப்பாவாவது ஒரு மகனாவது இருப்பார். அன்றைக்குத் திரைக்கு முன்னால் என் பக்கத்தில் நின்ற தம்பி டோஹாவில் நான்கு வருடம் கம்பி கட்டியவர். எல்லோரும் பந்தைப் பார்க்க, அவர் மைதானத்துக்கு வெளியே காட்டிய வீதியைப் பார்த்துக்கொண்டிருந்தார். "இந்த றோட்டால எங்கட பஸ் போற நேரம் ஒரு சனமும் இரிக்காது காக்கா" என்றார். அவ்வளவுதான். அதற்கு மேல் அவர் பேசவில்லை, நானும் கேட்கவில்லை. கேட்காதது என் பிழை.

போட்டி தொடங்கச் சில வாரங்கள் இருக்கும்போது டோஹாவின் அல்மன்சூறா பகுதியில் தொழிலாளர் குடியிருந்த கட்டடங்களை அதிகாரிகள் காலிசெய்வித்தார்கள். ஒரு கட்டடத்தில் மட்டும் 1,200 பேர். வெளியேறச் சில மணித்தியால அவகாசம். பார்க்க வந்த ரசிகர்கள் தங்குவதற்கான இடங்களும் அதே பகுதிகளில்தான் இருந்தன. நகரத்தைக் கட்டியவன் விருந்தாளி வரும்போது கண்ணில் படக்கூடாது. இது கட்டார் கண்டுபிடித்த வித்தையல்ல. 2010 பொதுநலவாய விளையாட்டுக்கு முன்னர், 2004இலேயே டெல்லியில் யமுனா புஷ்தாக் குடிசைகளை இடித்து மக்களை நகரின் எல்லையிலுள்ள பவானாவுக்குத் தள்ளினார்கள். அதைப் பற்றி நாம் எழுதியிருப்போம், இடித்தவன் நமது ஆள் இல்லை என்பதால்.

இந்த இடத்தில் நமது நண்பர்கள் எழும்புவார்கள். "மேற்கின் நயவஞ்சகத்தைப் பேசுங்கள்!" பேசுவோம். காலனிகளைச் சுரண்டி வளர்ந்த ஐரோப்பாவுக்குத் தொழிலாளர் உரிமை பற்றிப் பாடம் எடுக்கத் தகுதியில்லை. கார்டியன் பத்திரிகை 2021 பெப்ரவரியில் வெளியிட்ட கணக்கையும் சரியாகவே வாசிப்போம். பத்து வருடங்களில் கட்டாரில் மௌத்தான தெற்காசியத் தொழிலாளர் 6,500க்கு மேல். அதில் இலங்கையர் 557 பேர். அது எல்லா வேலைகளிலும் எல்லாக் காரணங்களாலும் நிகழ்ந்த மரணங்களின் தொகை. மைதானத்தில் விழுந்து இறந்தவர்களின் தொகையல்ல. இதை மறைத்து வாதாட எனக்கு விருப்பமில்லை. போட்டி நடந்துகொண்டிருந்தபோதே ஏற்பாட்டுக் குழுவின் செயலாளர் நாயகம் ஹசன் அல்தவாதி, உலகக் கிண்ண வேலைகளோடு தொடர்புபட்டு 400க்கும் 500க்கும் இடையில் இறந்திருப்பார்கள் என்றார். ஒரு மனிதனின் உயிர்க் கணக்கில் நூறு பேர் முன்பின்னாக இருக்கலாமாம்! இந்த மரணங்களில் கணிசமானவை பிரேத பரிசோதனை இல்லாமலே இயற்கை மரணம், இதயம் நின்றது என்று பதிவாகின. இதயம் நிற்காமல் மௌத்தானவர் யார்?

2020இல் முதலாளியின் அனுமதியின்றி வேலை மாறலாம் என்று கட்டாரில் சட்டம் வந்தது. 2021 மார்ச்சிலிருந்து குறைந்தபட்சச் சம்பளம் 1,000 றியால். நல்லது. ஆனால் கிண்ணம் கிடைத்தது 2010இல். சட்டம் வரும்போது மைதானங்களில் பெரும்பாலானவை எழும்பிவிட்டன. அந்தச் சட்டத்துக்காக வெளியிலிருந்து நெருக்கியவர்கள் தொழிற்சங்கக்காரர்கள். வியர்வைக்கும் கூலிக்கும் இடையில் இருக்கவேண்டிய தூரத்தைப் பற்றி வெள்ளிதோறும் கேட்கும் நமக்கு அதில் ஒரு பங்கும் இல்லை.

இன்னுமொன்று. 2020 மார்ச்சிலிருந்து ஒரு வருடம் நமது ஜனாஸாக்களை அன்றைய அரசு எரித்தது. இருபது நாள் குழந்தையையும் எரித்தது. நாம் எழுதினோம், அழுதோம், சவப்பெட்டியை ஒரு சமூகத்தின் குறியீடாக்கினோம். பிறகு ஓட்டமாவடி மஜ்மா நகரில் 3,000க்கு மேற்பட்டவர்களை அடக்கினோம். மையித்தின் கண்ணியம் பற்றி உலகத்துக்கே சொல்லக்கூடிய சமூகம் நாம். அதே காலத்தில் கட்டுநாயக்காவில் சரக்குப் பகுதியால் இறங்கிய பெட்டிகளைப் பற்றி நமது சஞ்சிகைகளில் எத்தனை வரி வந்தது? அந்தப் பெட்டிக்கு எதிரி ஒரு முஸ்லிம் நாடாக இருந்துவிட்டதுதான் பிரச்சினையா?

நமது நாடும் இந்த வித்தையில் குறைந்ததல்ல. 2011 ஜனவரியில் மட்டக்களப்பும் அம்பாறையும் வெள்ளத்தில் மூழ்கின. பத்து இலட்சம் பேர் பாதிக்கப்பட்டார்கள், அறுவடைக்கு நின்ற வேளாண்மை அழுகியது. பெப்ரவரியில் மறுபடியும் வெள்ளம். அந்தப் பெப்ரவரி 20ஆம் திகதிதான் சூரியவெவயில், பதவியிலிருந்த ஜனாதிபதியின் பெயர் சூட்டிய 35,000 ஆசன மைதானத்தில் இலங்கையும் கனடாவும் ஆடின. அந்த உலகக் கிண்ணத்தில் அங்கு நடந்தவை இரண்டே போட்டிகள். மைதானங்கள் கட்டிய கடனில் கிரிக்கட் நிறுவனம் வீரர்களுக்கே மாதக்கணக்காகச் சம்பளம் கொடுக்க முடியாமல் நின்றது. அதே வருடம் நவம்பரில் அம்பாந்தோட்டைக்கு 2018 பொதுநலவாய விளையாட்டையும் கேட்டார்கள். 43க்கு 27 என்று கோல்ட்கோஸ்ட் வென்றது. அல்ஹம்துலில்லாஹ் என்று சொன்ன சிலரில் நானும் ஒருவன். 2015க்குப் பிறகு ஈராண்டு சூரியவெவயில் ஒரு சர்வதேசப் போட்டியும் இல்லை. கடன் மட்டும் ஓயாமல் ஆடியது. நாடு வங்குரோத்தான 2022இல் மூன்று இலட்சம் பேர் வேலை தேடி வெளிநாடு போனார்கள். ஒரு மைதானத்தால் நாடு விழுந்தது என்று சொல்லமாட்டேன். அப்படியான செலவுகளைப் பெருமை என்று கொண்டாடிய பழக்கத்தைச் சொல்கிறேன். அந்தக் கொண்டாட்டத்தின் பற்றுச்சீட்டை வாவிக்கரைப் பிள்ளைகள் இன்னொருவனின் மைதானத்தில் கட்டித்தீர்க்கிறார்கள்.

சஞ்சிகைக்காரர்களிடம் ஒரு கோரிக்கை. அடுத்த இதழ்களில் கவிதைக்கு ஒதுக்கும் பக்கங்களில் நான்கை எடுத்து, திரும்பி வந்தவர்கள் சொல்வதை அவர்களது பேச்சுமொழியிலேயே போடுங்கள். திருத்தவேண்டாம். படிமம் சேர்க்கவேண்டாம்.

2024 டிசம்பரில் 2034 உலகக் கிண்ணத்தைச் சவூதிக்குக் கொடுத்திருக்கிறார்கள். கம்பி கட்டும் தம்பியும் போய்விட்டார். இந்தமுறை அல்கோபார். ஏஜென்சிக்குக் கட்டிய காசு உம்மாவின் வளையல். என்ன கட்டுகிறாய் என்று கேட்டதற்கு, மைதானம் என்றார்.